சுதா சந்திரன்: காலில் தொடங்கி முகத்துக்கு வந்த கதை

சுதா சந்திரன் என்றதும் ஐம்பதைத் தாண்டியவர்களுக்கு ‘மயூரி’ படம் ஞாபகம் வரும். செயற்கைக் காலோடு பரதம் ஆடிய பெண். முப்பதுகளில் இருப்பவர்களைக் கேட்டால் ‘தெய்வம் தந்த வீடு’ தொடரின் மாமியார் சித்ராதேவியைச் சொல்வார்கள்: நெற்றி நிறையப் பொட்டு, கனத்த பட்டுப்புடவை, ஒரு புருவத்தைத் தூக்கினால் வீடே அடங்கிவிடும். இந்த இரண்டாவது கூட்டத்தில் பலருக்கு, அந்த மாமியாருக்கு வலது முழங்காலுக்குக் கீழே இருப்பது செயற்கைக் கால் என்பதே தெரியாது. சொன்னால் நம்பவும் மாட்டார்கள். இந்த வாழ்க்கையில் என்னை மிகவும் கவர்ந்த விஷயம் அதுதான்.

தன்னம்பிக்கை மேடைகளில் இவர் கதையை 1984-ஓடு நிறுத்திவிடுவார்கள். விபத்து நடந்தது, கால் போனது, மறுபடி ஆடினார், அரங்கமே கைதட்டியது, நன்றி வணக்கம். அப்போது அவருக்கு இருபது வயதுகூட நிறையவில்லை. ஆடி முடித்து இறங்கியவருக்கு அதற்கப்புறம் நாற்பது வருட வாழ்க்கை பாக்கி இருந்தது. அதில் பாதிக்கு மேல், தன் காலைப் பற்றிய கதையிலிருந்து வெளியே வருவதற்கே செலவானது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

திருச்சி அருகே, 1981 மே

பெற்றோருக்குப் பூர்வீகம் திருச்சிப் பக்கத்து வயலூர். சுதா வளர்ந்தது பம்பாயில். அப்பா கே. டி. சந்திரன் அங்கிருந்த அமெரிக்கத் தகவல் மையத்தில் வேலை பார்த்தவர்; பிற்பாடு இந்திப் படங்களிலும் நடித்தார். பம்பாய்த் தமிழ்க் குடும்பங்களில் பெண் குழந்தைக்குப் பாட்டோ பரதமோ சொல்லிக்கொடுப்பது ஊரைக் கையோடு வைத்துக்கொள்ளும் வழி. ஆனால் சுதாவுக்கு அது சம்பிரதாயமாக நின்றுவிடவில்லை. சின்ன வயதிலேயே கற்கத் தொடங்கி, பள்ளி முடிப்பதற்குள் பல மேடைகள் ஏறிவிட்டார்.

1981 மே மாதம், கோயில் பயணம் முடித்துக் குடும்பத்தோடு பேருந்தில் திரும்பும்போது திருச்சி அருகே விபத்து. மற்றவர்களோடு ஒப்பிட்டால் அவருக்குப் பட்ட அடி பெரிதில்லை. கால் முறிவு, கணுக்காலுக்குப் பக்கத்தில் ஒரு காயம். முதலில் சிகிச்சை தந்த இடத்தில் அந்தக் காயத்தைச் சரியாகக் கவனிக்காமல் மேலேயே மாவுக்கட்டு போட்டுவிட்டார்கள் என்று பல பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். சில வாரங்களில், சென்னையில் வேறொரு மருத்துவமனையில் கட்டைப் பிரித்தபோது சதை அழுகியிருந்தது.

இங்கே கொஞ்சம் நிற்க வேண்டும். ‘விதி’ என்று சொல்லிக் கடந்துபோகிற இடம் இது. தெருப்புழுதி பட்ட ஆழமான காயத்தைக் கழுவி, செத்த சதையை வெட்டியெடுத்து, சில நாள் மூடாமல் வைத்துப் பார்க்க வேண்டும் என்பது முதல் உலகப் போரின் பதுங்கு குழிகளிலேயே மருத்துவர்கள் கற்ற பாடம். மண்ணில் இருக்கும் சில கிருமிகளுக்குக் காற்று ஆகாது. காயத்தை மூடிக் காற்றை அடைத்தால் அவற்றுக்குக் கொண்டாட்டம். மேலே இறுக்கமான மாவுக்கட்டு வேறு இருந்தால், உள்ளே நிறம் மாறுவதும் வீங்குவதும் யார் கண்ணிலும் படாது. கட்டைப் பிரிக்கும்போது தேர்வு இரண்டுதான் இருக்கும்: காலா, உயிரா. பெற்றோர் உயிரைத் தேர்ந்தெடுத்தார்கள். வலது கால் முழங்காலுக்குக் கீழே எடுக்கப்பட்டது.

முழங்காலுக்குக் கீழே என்பதை நாம் சாதாரணமாகப் படித்துவிட்டுப் போகிறோம். பரதம் கற்ற யாரிடமாவது கேட்டுப் பாருங்கள். அந்த நடனத்தின் அடித்தளமே அரைமண்டி. முழங்கால்களைப் பக்கவாட்டில் திறந்து மடக்கி, பாதி உட்கார்ந்த நிலையிலேயே அத்தனை அடவும், அதாவது அடிப்படை ஆட்ட அசைவுகளும், போட வேண்டும். முழங்கால் போயிருந்தால் அரைமண்டி இல்லை, அரைமண்டி இல்லாமல் அடவு இல்லை. முட்டி தப்பியதுதான் அவருடைய இரண்டாவது நடனத்துக்குக் கிடைத்த முதல் முதலீடு.

ரப்பர் பாதம்

அதே 1981-இல், ஜெய்ப்பூர் எலும்பு மருத்துவர் பி. கே. சேத்திக்கு ரமோன் மகசேசே விருது கிடைத்தது. பத்திரிகையில் அவரைப் பற்றிப் படித்துத்தான் சுதா ஜெய்ப்பூருக்குப் போனார். ‘நான் மறுபடி ஆட முடியுமா’ என்று கேட்டதற்கு, ‘ஏன் முடியாது’ என்று சேத்தி திருப்பிக் கேட்டார் என்பது எல்லோரும் சொல்லும் கதை. அந்தப் பதிலுக்குப் பின்னால் வெறும் ஆறுதல் இருக்கவில்லை, ஒரு பட்டறை இருந்தது.

அன்று மேல்நாட்டிலிருந்து வந்த செயற்கைப் பாதம் ஷூவுக்குள் போடுவதற்காகச் செய்தது. கணுக்கால் அசையாது. நாற்காலியில் உட்கார்ந்து, காரில் ஏறி, அலுவலகம் போகிறவருக்குச் சரி. குந்தி உட்கார்பவருக்கு, சம்மணம் போடுபவருக்கு, வயல் சேற்றில் வெறுங்காலோடு இறங்குபவருக்கு, செருப்பைக் கழற்றிவிட்டுக் கோயிலுக்குள் போகிறவருக்கு அது உதவாது. கால் வாங்கியவர்கள் அதை மூலையில் போட்டுவிட்டு மறுபடி கட்டையை ஊன்றிக்கொண்டு வருவதை ஜெய்ப்பூர் சவாய் மான்சிங் மருத்துவமனையில் சேத்தி பார்த்துக்கொண்டே இருந்தார். அங்கே ராம்சந்திர சர்மா என்று ஒரு கைவினைஞர். மாஸ்டர்ஜி என்பார்கள். பெரிய படிப்பெல்லாம் கிடையாது, கைதான் படிப்பு. டயர் கடை ஒன்றில் லாரி டயருக்கு ரப்பர் வைத்துச் சூடாக்கி இறுக்குவதைப் பார்த்தபோதுதான் அவருக்குப் பொறி தட்டியது என்று சொல்வார்கள். 1968 வாக்கில் உருவான ஜெய்ப்பூர் கால் அப்படி வந்தது: உள்ளே மரமும் ஸ்பாஞ்சு ரப்பரும், வெளியே தோல் நிறத்தில் வார்த்த ரப்பர், விரல்கள்கூட உண்டு. கணுக்கால் இடத்தில் எல்லாப் பக்கமும் வளைந்துகொடுக்கும். அதன்மேல் அலுமினியத் தகட்டை அடித்துச் செய்த கூடு. 1975-இல் டி. ஆர். மேத்தா தொடங்கிய பகவான் மகாவீர் விகலாங் சகாயதா சமிதி இதை இலவசமாகப் பொருத்த ஆரம்பித்ததும் எண்ணிக்கை லட்சங்களுக்குப் போனது.

வெறுங்காலில் நடக்கிற ஊருக்காகச் செய்த பாதம் என்பதால்தான் வெறுங்காலில் ஆடும் நடனத்துக்கும் அது பொருந்தியது. ஷூவுக்குள் ஒளியும் பாதத்தை வைத்துக்கொண்டு சலங்கை கட்டி என்ன பயன்? மன உறுதியைப் பற்றி ஆயிரம் பேசலாம். ஆனால் அதே உறுதியோடு, அதே வயதில், இருபது வருடம் முன்னால் ஒரு பெண் கால் இழந்திருந்தால் அவரால் இந்த நடனத்தை ஆடியிருக்க முடியாது. டயர் ரப்பர் இல்லாமல் ‘மயூரி’ இல்லை.

ஆனாலும் நடப்பதற்குச் செய்த கால் ஆடுவதற்குப் போதாது. தட்டடவில் பாதம் முழுவதும் தரையில் அறைய வேண்டும். நாட்டடவில் குதிகாலை ஊன்ற வேண்டும். குதித்து மெட்டடவில் முன்பாதத்தில் எம்பி, உடனே குதிகாலைத் தட்ட வேண்டும். நல்ல காலில் இந்த அதிர்ச்சியைக் கணுக்காலும் பாதத்து எலும்புகளும் பங்கிட்டுக்கொள்ளும். செயற்கைக் காலில் அத்தனையும் கூட்டுக்குள் உட்கார்ந்திருக்கும் காலின் மிச்சத்தில் போய் இடிக்கும். உலோகம் உராயும், தோல் கிழியும். பயிற்சியில் ரத்தம் வந்ததை அவரே சொல்லியிருக்கிறார். திரும்ப ஜெய்ப்பூருக்குப் போனார். அவர் ஆட்டத்தில் கால் எப்படியெல்லாம் போகிறது என்று பார்த்து, அதற்கேற்ப மாற்றிச் செய்து கொடுத்தார்கள்.

அதைவிட நுட்பமான சிக்கல் ஒன்றும் உண்டு. ரப்பர் பாதம் தரையைப் பற்றித் தகவல் சொல்லாது. தரை வழுக்குகிறதா, பாதம் முழுக்கப் படிந்ததா, தாளத்தில் விழுந்ததா, ஒன்றும் மேலே வராது. குழந்தையிலிருந்து உடம்பு தானாகச் செய்துவந்ததை இனி கண்ணும் காதும் செய்ய வேண்டும். தன் சலங்கைச் சத்தத்தைக் கேட்டுத்தான் கால் எங்கே இருக்கிறது என்று அவர் தெரிந்துகொண்டிருக்க வேண்டும் என்று நான் ஊகிக்கிறேன். தெரிந்த நடனத்தையே முதல் பாடத்திலிருந்து, வேறொரு உடம்பில், மறுபடி கற்பது அது.

1984 ஜனவரி 28 அன்று பம்பாயில் மேடையேறினார். பாதம் இழந்தவர் ஒரு மைல் நடந்துவிட்டார் என்ற பொருளில் மறுநாள் ஒரு நாளிதழ் தலைப்பிட்டதை இன்றும் பேட்டிகளில் நினைவுகூர்கிறார். அன்றிரவு அப்பா மகளின் பாதங்களைத் தொட்டு வணங்கினார். தமிழ் வீட்டு அப்பா அப்படிச் செய்வது லேசில் நடக்காது. அந்த இடத்தை சுதா சொல்லும் ஒவ்வொரு முறையும் குரல் இறங்கிவிடும்.

தன் வேடத்தில் தானே

அந்தச் செய்தி ராமோஜி ராவ் கண்ணில் பட்டது. அவருடைய உஷாகிரண் மூவிஸ் தயாரிக்க, சிங்கீதம் சீனிவாச ராவ் இயக்கத்தில் தெலுங்கு ‘மயூரி’ 1985-இல் வந்தது. இசை எஸ். பி. பாலசுப்ரமணியம். தமிழிலும் மலையாளத்திலும் மொழிமாற்றமாக ஓடியது. தேசிய விருதுகளில் சுதாவுக்குச் சிறப்பு நடுவர் விருது கிடைத்தது. அடுத்த வருடம் டி. ராமா ராவ் இயக்கத்தில் அதே கதை இந்தியில் ‘நாச்சே மயூரி’. அதிலும் அவரே.

விசித்திரமான தொழில் தொடக்கம்தான். கால் போய் நான்கே வருடத்தில், கேமரா முன்னால் தன் விபத்தை மறுபடி நடிக்க வேண்டும். கட்டிலில் படுத்துக்கொண்டு கால் இல்லை என்று தெரிந்துகொள்ளும் பெண்ணாக நடிக்க வேண்டும். தெலுங்கில் ஒரு முறை, அப்புறம் இந்தியில் இன்னொரு முறை. படத்தில் காதலன் ஒருவன் உண்டு. கால் போனதும் கைவிடுவான், புகழ் வந்ததும் திரும்பி வருவான், அவள் வேண்டாம் என்பாள். சினிமாவுக்கு வில்லன் வேண்டியிருந்தது. நிஜத்தில் காரணமாக இருந்த மாவுக்கட்டு திரையில் வில்லனாகாது, காதலன் ஆவான். அதில் தவறொன்றும் இல்லை. ஆனால் ஊர் மனதில் சுதாவின் வாழ்க்கையாகப் பதிந்தது அந்தப் படம்தான். அந்த வயதில் ஒரு பெண்ணின் சொந்த வாழ்க்கை அவள் கையை விட்டுப் போய்ப் பொதுச்சொத்து ஆகிவிட்டது.

அதன் விலை உடனே தெரியவில்லை. 1986, 87-இல் தமிழில் படங்கள் வந்தன. எஸ். ஏ. சந்திரசேகரின் ‘வசந்த ராகம்’, சத்யராஜும் பிரபுவும் நடித்த ‘சின்ன தம்பி பெரிய தம்பி’ போன்றவை. அப்புறம் வேகம் குறைந்தது. இந்தியில் பெரிய வாய்ப்பு என்று சொல்லும்படி ஒன்றும் வரவில்லை. ஏன் என்று யோசித்தால், தயாரிப்பாளர்களைக் கல்நெஞ்சர்கள் என்று சொல்லிவிட்டுப் போகலாம். எனக்கு அது போதுமான விளக்கமாகப் படவில்லை. ‘மயூரி’யின் வெற்றியே காரணம். அந்தக் கால் அத்தனை பிரபலமாகிவிட்டதால், கதாநாயகனோடு மரத்தைச் சுற்றி ஓடும் காட்சியில் அவரைப் போட்டால் பார்ப்பவர் கண் நேராகக் காலுக்குப் போகும். தன் கதையைத் தவிர வேறு கதையில் அவரைப் பொருத்திப் பார்க்க யாருக்கும் தெரியவில்லை. தன் கதையையோ அவர் ஏற்கெனவே இரண்டு முறை நடித்து முடித்துவிட்டார்.

அந்த வருடங்களைப் பற்றி விரிவாகச் சொல்ல அதிகம் இல்லை. சிறு வேடங்கள், நடன நிகழ்ச்சிகள், பொருளாதாரத்தில் முதுகலைப் பட்டம். 1994-இல் உதவி இயக்குநர் ரவி டாங்குடன் திருமணம். மெல்ல மெல்லத் தொலைக்காட்சி.

பொட்டு

2001-இல் ஸ்டார் பிளஸில் ‘கஹீன் கிஸ்ஸி ரோஸ்’ தொடங்கியது. ஏக்தா கபூரின் பாலாஜி நிறுவனத் தயாரிப்பு. சுதாவுக்கு ரமோலா சிகந்த் என்ற வேடம். பணக்கார வீட்டு மாமியார், சூழ்ச்சிக்காரி. நெற்றியில் பாம்பும் கொடியுமாகப் பெரிய பெரிய டிசைன் பொட்டுகள், கனத்த நகை, பளபளக்கும் புடவை. தொடர் 2004 வரை ஓடியது. ரமோலாவின் பொட்டு கடைகளில் விற்பனைக்கு வந்து, நாட்டின் பாதிப் பெண்கள் நெற்றிக்கு ஏறியது.

அந்தத் தொடர்களின் காட்சிமொழியைக் கேலி செய்யாதவர் இல்லை. ஒரு வசனம், உடனே மூன்று முறை மூன்று கோணத்தில் முகத்துக்குப் பாய்கிற கேமரா, இடிச்சத்தம். நானும் சிரித்திருக்கிறேன். ஆனால் யோசித்துப் பாருங்கள்: இதைவிட ஒரு பரத நடனக் கலைஞருக்குப் பொருத்தமான இடம் எது? கேமரா இடுப்புக்குக் கீழே இறங்குவதே இல்லை. வசனம் முடிந்த பிறகு ஐந்து நொடி, பத்து நொடி, கண்ணும் புருவமும் உதட்டோரமும் மட்டுமே வேலை செய்ய வேண்டும். பயிற்சி இல்லாதவர் அந்தப் பத்து நொடியில் வெறித்துப் பார்த்துக்கொண்டு நிற்பார். சுதாவுக்கு அது சஞ்சாரி, ஒரு பாவத்திலிருந்து இன்னொன்றுக்கு முகம் மாறிச் செல்லும் பரத உத்தி. கோபம் வருகிறது, அதை மறைக்கிறாள், மறைத்ததில் ஒரு ஏளனம், ஏளனத்திலிருந்து ஒரு திட்டம். ஒரே வரியை நான்கு விதமாகக் காட்டச் சின்ன வயதிலிருந்து பழகிய முகம்.

பரதத்துக்கு இரண்டு பாதி உண்டு: காலும் தாளமும் ஆளும் நிருத்தம், முகமும் கையும் ஆளும் அபிநயம். வயதும் உடம்பும் தளரும்போது நடனமணிகள் முதல் பாதியிலிருந்து இரண்டாவதுக்கு நகர்வார்கள். பரதமேதை பாலசரஸ்வதி பிற்காலத்தில் கனத்த உடம்போடு பதம் என்ற வகைப் பாடல் ஒன்றுக்கு அபிநயம் பிடித்ததைப் பார்த்தவர்கள் அதைப் பற்றிப் பேசி ஓய்ந்ததில்லை. சுதாவும் அதே பாதையில்தான் போனார், மேடை மட்டும் வேறு. ஜெய்ப்பூர் அவருக்குத் திருப்பிக் கொடுத்தது நிருத்தத்தை. பிழைப்பைக் கொடுத்ததும் புதிய ரசிகர்களைக் கொடுத்ததும் திருச்சி விபத்து தொடவே தொடாத அபிநயம்.

வில்லி வேடத்தில் இன்னொரு விடுதலையும் இருந்தது. ‘மயூரி’க்குப் பிறகு அவரைப் பார்த்தவர்கள் எல்லோரும் இரக்கப்பட்டார்கள், வியந்தார்கள் என்று சொன்னாலும் அதற்கடியில் இரக்கம்தான். ரமோலாவைப் பார்த்து யாராவது இரக்கப்படுவார்களா? பயந்தார்கள், திட்டினார்கள், அவள் எப்போது மாட்டுவாள் என்று காத்திருந்தார்கள். அனுதாபத்தில் இருபது வருடம் முங்கிக் கிடந்த ஒருவருக்கு நேர்மையான வசவு எவ்வளவு இனித்திருக்கும்!

அப்புறம் வரிசையாக வந்தன. 2006-இல் பிரியதர்ஷனின் ‘மாலாமால் வீக்லி’யில் கிராமத்தையே ஆட்டிப்படைக்கும் டாகுராயின். 2013 முதல் 2017 வரை விஜய் டிவியில் நம் சித்ராதேவி. அது ‘சாத் நிபானா சாத்தியா’ என்ற இந்தித் தொடரின் தமிழ் வடிவம். 2015-இல் ‘நாகின்’ தொடரில் யாமினி. இடையில் 2007-இல் ‘ஜலக் திக்லா ஜா’ நடனப் போட்டியில் கலந்துகொண்டு மறுபடி ஆடினார். நடனத்தை விட்டுவிட்டார் என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். அது இருந்துகொண்டே இருந்தது, அவரைப் பற்றிய ஒரே செய்தியாக மட்டும் இருக்கவில்லை.

கழற்றிக் காட்டு

2021 அக்டோபரில் அந்தக் கால் மறுபடி தலைப்புச் செய்தி ஆனது. இன்ஸ்டாகிராமில் ஒரு வீடியோ போட்டார். பிரதமரைப் பார்த்துப் பேசுவதுபோல் பேசினார். வேலைக்காக விமானத்தில் போகிற ஒவ்வொரு முறையும் பாதுகாப்புச் சோதனையில் செயற்கைக் காலைக் கழற்றிக் காட்டச் சொல்கிறார்கள் என்றார். மூத்த குடிமக்களுக்கு ஓர் அட்டை கொடுங்கள் என்று கேட்டார். திரையில் எப்போதும் நிமிர்ந்தே பார்த்த அந்தக் கண்களில் அன்று தண்ணீர் இருந்தது.

கழற்று என்று சொல்வது ஒரு வார்த்தை. செய்வது என்ன தெரியுமா? திரை மறைவில் உட்கார வேண்டும். புடவையை முழங்காலுக்கு மேலே ஏற்ற வேண்டும். பட்டையை அவிழ்க்க வேண்டும், கூட்டை உருவ வேண்டும், உறையைச் சுருட்டி எடுக்க வேண்டும். முன்பின் தெரியாத ஒருவர் முன்னால் காலின் மிச்சத்தை வெளியே வைத்துக்கொண்டு, அந்தக் கால் எக்ஸ்ரே பெட்டிக்குள் போய் வரும்வரை ஒற்றைக் காலோடு காத்திருக்க வேண்டும். பிறகு எல்லாவற்றையும் அதே வரிசையில் மாட்ட வேண்டும். உறையில் ஒரு சுருக்கம் விழுந்தால் அன்று முழுவதும் புண்.

விமான நிலையச் சோதனைக்குப் பொறுப்பான மத்தியத் தொழிற்பாதுகாப்புப் படை மறுநாளே வருத்தம் தெரிவித்தது. விதிவிலக்கான சூழலில் மட்டுமே செயற்கை உறுப்பைக் கழற்றச் சொல்ல வேண்டும் என்பதுதான் நடைமுறை என்றும் சொன்னது. அதே டிசம்பரில், மூளை முடக்குவாதம் உள்ள ஜீஜா கோஷ் என்ற செயற்பாட்டாளர் 2012-இல் விமானத்திலிருந்து இறக்கிவிடப்பட்டதையடுத்துத் தொடர்ந்த வழக்கின் தொடர்ச்சியில், செயற்கை உறுப்பு அணிந்தவர்களை விமான நிலையத்தில் அதைக் கழற்றச் சொல்லக் கூடாது, அவர்களின் கண்ணியம் காக்கப்பட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. கண்ணியம் என்ற சொல் தீர்ப்பில் வருவதற்கும் சோதனைச் சாவடியில் காலை ஏழு மணி அவசரத்தில் நிற்கிற காவலருக்கு அது தெரிவதற்கும் நடுவே எவ்வளவு தூரம் இருக்கும் என்பது வேறு விஷயம்.

இத்தனைக்கும் அந்த வீடியோவில் அவர் சலுகையொன்றும் கேட்கவில்லை. சோதிக்க வேண்டாம் என்று சொல்லவில்லை. வெடிபொருள் தடயம் கண்டறியும் கருவியைப் பயன்படுத்துங்கள் என்று ஒவ்வொரு முறையும் கெஞ்சுகிறேன் என்றார். அந்தக் கருவி ஏற்கெனவே அங்கேதான் இருக்கிறது. சின்னத் துணித்துண்டை செயற்கைக் காலின்மேல் ஒருமுறை ஓட்டி எடுத்து உள்ளே வைத்தால் சில நொடிகளில் பதில் வந்துவிடும்.